சிப்பிக் காளானும் மண்ணிறப் பாசியும்: சீனிச் சங்கிலிகளைக் குசினியில் எடுத்துப் பார்க்கும் முறை

"தம்பி, உதிலை சீனி எண்டு கிடக்காம். எனக்குச் சலரோகம் எல்லோ, குடிக்கலாமோ?"

பெரியம்மாவின் கையில் கனடாவிலிருந்து மகள் அனுப்பிய ஒரு குளிசைப் போத்தல். பேரப்பிள்ளை லேபிளை வாசித்து, இது காளானிலும் கடற்பாசியிலும் இருந்து எடுத்த சீனிச் சங்கிலி என்று சொல்லியிருக்கிறான், அதோடு அவருக்குப் பயம் பிடித்துவிட்டது. லேபிளில் பீற்றா குளுக்கன், பியூகொயிடன் என்று இரண்டு பெயர்கள் இருந்தன. பிள்ளை சொன்னதில் பிழை இல்லை, இரண்டுமே சீனி மூலக்கூறுகளை நீளமாகக் கோத்த சங்கிலிகள்தான். பெரியம்மா கேட்டதிலும் பிழை இல்லை. ஒடியல் கூழில் இருப்பதும் சீனிச் சங்கிலிதான், இரண்டு கோப்பை குடித்தால் அவருக்குச் சீனி ஏறும். அப்படியென்றால் இது மட்டும் ஏன் ஏறாது?

அதற்குப் பதில் சொல்லப் போய்த்தான் காளானை அவித்து, பருத்தித்துறைப் பக்கத்துக் கரையில் பாசி பொறுக்கி, வீட்டுக் குசினியில் இரண்டு கிழமை மினக்கெட்டேன். நீங்களும் செய்து பார்க்கலாம். முக்கால்வாசிச் சாமான் வீட்டிலேயே இருக்கும், மிச்சம் மருந்துக்கடையில் கிடைக்கும். ஒன்றை மட்டும் இப்போதே சொல்லிவிடுகிறேன்: காளானில் எடுப்பதைக் குடிக்கலாம், கரையில் பொறுக்கிய பாசியில் எடுப்பதை வாயில் வைக்கக் கூடாது. காரணம் பிறகு வரும்.

ஒரே குளுக்கோசு, வேறு முடிச்சு

ஒடியல் மா, அரிசி, மரவள்ளி எல்லாவற்றிலும் இருக்கும் மாப்பொருள் குளுக்கோசுகளை அல்பா பிணைப்பால் கோத்தது. நம் எச்சிலிலும் சதையி நீரிலும் உள்ள அமிலேசு நொதியம் அந்தப் பிணைப்பை வெட்டும். சோற்றை நெடுநேரம் சப்பினால் இனிக்கிறதே, அது இந்த வெட்டுத்தான். காளானின் கலச்சுவரில் இருப்பதும் குளுக்கோசுதான், ஆனால் முடிச்சு வேறு. ஒன்றின் முதலாம் காபனும் அடுத்ததின் மூன்றாம் காபனும் பீற்றா பிணைப்பால் சேர்ந்து முதுகெலும்பு ஆகும், ஆறாம் காபனில் கிளைகள் பிரியும். இதை வெட்டக்கூடிய நொதியம் நம்மிடம் இல்லை. ஆகவே அது சீனியாக இரத்தத்துக்குப் போகாமல் நார்ப்பொருளாகவே பெருங்குடல் வரை போய்ச் சேரும், அங்கே இருக்கும் பற்றீரியாக்கள் அதில் ஒரு பகுதியை நொதிக்கவைக்கும். பெரியம்மாவுக்கான பதில் அவ்வளவுதான்: சீனிதான், ஆனால் உங்கள் உடம்பால் அவிழ்க்க முடியாத முடிச்சில் இருக்கிற சீனி.

இதில் எனக்கு மிகவும் பிடித்த இடம் ஒன்று இருக்கிறது. காளானும் மண்ணிறக் கடற்பாசியும் சொந்தக்காரர் அல்ல, இரண்டும் தாவர இனத்திலும் சேராது, கூர்ப்பில் எங்கோ பிரிந்துபோன வெவ்வேறு கிளைகள். ஆனாலும் மண்ணிறப் பாசி தன் சாப்பாட்டைச் சேமிப்பது லமினாரின் என்ற பொருளாக, அதுவும் பீற்றா 1,3 முதுகெலும்பும் 1,6 கிளையும் கொண்ட குளுக்கன்தான், என்ன, சங்கிலி கட்டை, இருபத்தைந்து குளுக்கோசு அளவில் முடிந்துவிடும். பனங்கிழங்குக்கு மாப்பொருள் எப்படியோ அப்படித்தான் மண்ணிறப் பாசிக்கு லமினாரின். அதன் கலச்சுவரில் வேறு இரண்டு சங்கிலிகள் இருக்கின்றன, அவை குளுக்கோசால் ஆனவை அல்ல. ஒன்று அல்ஜினேற்று, பிரித்தானிய வேதியியலாளர் ஸ்ரான்போர்ட் 1881இல் பாசியிலிருந்து பிரித்துக் காட்டியது. மற்றது பியூகொயிடன், பியூக்கோசு என்ற சீனியில் சல்பேற்று ஒட்டியிருக்கும் வழுவழுப்பு, 1913இல் சுவீடனின் கைலின் முதலில் விவரித்தது. காளானின் பக்கம் வந்தால் பீற்றா குளுக்கனோடு கைற்றினும் பின்னிக் கிடக்கும். கைற்றின் என்றதும் இறால் கோதுதான் நம் நினைவுக்கு வரும், ஆனால் பிரான்சின் பிறாக்கொனோ அதை முதலில் கண்டது 1811இல், காளானில்தான்.

ஏன் பீற்றா குளுக்கனுக்கு இவ்வளவு மவுசு? நம் வெண்குருதிக் கலங்களின் மேல் டெக்டின்-1 என்ற ஒரு வாங்கி இருக்கிறது, அது பீற்றா குளுக்கனைப் பிடித்து "பங்கசு வந்திருக்கிறது" என்று கலத்துக்கு அறிவிக்கும். அது பீற்றா குளுக்கனைப் பிடிக்கும் வாங்கி என்பது 2001இல் தெரியவந்தது. அதற்கு முன்பே, 1969இல், ஜப்பானின் கோரோ சிஹாரா குழு சிட்டாக்கே காளானிலிருந்து லென்ரினன் என்ற பீற்றா குளுக்கனைப் பிரித்தெடுத்தது, எலிகளில் கட்டி சுருங்கியதைக் காட்டியது, பிறகு ஜப்பானில் இரைப்பைப் புற்றுநோய்க்கு வேறு மருந்துகளோடு சேர்த்து ஊசியாக ஏற்ற அனுமதி கிடைத்தது. கவனியுங்கள், சுத்தமாகப் பிரித்த பொருள், நாளத்தில் ஊசியாக, மற்ற மருந்துகளோடு. வாயால் விழுங்கும் குளிசைக்கு அந்தக் கதையைத் தூக்கி ஒட்டுவது சரியில்லை. தெல்லிப்பழைப் புற்றுநோய் ஆஸ்பத்திரிக்குச் சிகிச்சைக்குப் போய்வரும் ஒருவர் உங்கள் வீட்டில் இருந்தால், காளான் கறி, ரசம் எல்லாம் சாப்பாடு, அதில் பிரச்சினை இல்லை, ஆனால் எந்தப் போத்தலையும் வைத்தியரிடம் காட்டாமல் திறக்க வேண்டாம். சிறுநீரக மாற்றுச் சத்திரசிகிச்சை செய்து நோயெதிர்ப்பை அடக்கும் மருந்து எடுப்பவருக்கும் இதேதான். இரத்தம் உறையாமல் இருக்க வாபரின் எடுப்பவர் பியூகொயிடன் பக்கமே போகக் கூடாது, ஆய்வுகூடத்தில் அது ஹெப்பரின் போல இரத்த உறைவைத் தடுப்பது தெரிந்த விஷயம்.

காளான் ரசம்

யாழ்ப்பாணத்தில் இப்போது சிப்பிக் காளான் தட்டம் தட்டமாகக் கிடைக்கிறது, வீட்டுக் கொட்டிலில் பையில் வளர்த்து விற்கிறவர்களிடம் வாங்கினால் இன்னும் நல்லது. மழை பெய்தவுடன் வேலியடியிலும் மாட்டுக்கொட்டில் ஓரத்திலும் முளைப்பதைப் பிடுங்க வேண்டாம். பார்வைக்குச் சாப்பிடக்கூடியது போலவே இருக்கும் நச்சுக் காளான்கள் இந்தச் சூட்டு நாடுகளில் நிறைய, அவித்தாலும் அந்த நஞ்சு போகும் என்று நம்ப முடியாது.

200 கிராம் தட்டம் ஒன்றை எடுங்கள். அதில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர், மிச்சம் 20 கிராம் அளவுதான் காய்ந்த பொருள், அதில் ஐந்தில் ஒன்றோ கொஞ்சம் கூடவோ பீற்றா குளுக்கன். ஆக ஒரு தட்டத்தில் நான்கைந்து கிராம் இருக்கும். ஆனால் அதில் பெரும்பகுதி கைற்றினோடு பின்னிக் கிடப்பதால் தண்ணீருக்கு வராது, கரையக்கூடிய பகுதிதான் ரசத்துக்கு இறங்கும். இதனால்தான் சாற்றை மட்டும் குடித்துவிட்டுக் காளானைக் கொட்டிவிடாதீர்கள் என்று எல்லோருக்கும் சொல்கிறேன். சாறும் சதையும் இரண்டும் வயிற்றுக்குப் போகவேண்டும்.

நேரம் இருந்தால் முதல் நாள் காளானைக் கையால் கிழித்துச் சுளகில் பரப்பி நடுப்பகல் வெயிலில் வையுங்கள், வரிப்பக்கம் மேலே பார்க்கும்படி. காளானில் உள்ள எர்கோஸ்ரரோல் வெயிலில் விற்றமின் டி2 ஆக மாறும், அது இலவசமாகக் கிடைக்கும் இலாபம். நன்றாகக் காய்ந்து ஒடித்தால் படக்கென்று ஒடியவேண்டும், வளைந்தால் இன்னும் ஈரம் இருக்கிறது. காய்ந்ததை மிக்சியில் பொடியாக்கினால் சுவர்கள் உடைந்து சாறு கூடுதலாக இறங்கும். பொடிக்கும்போது மூக்கில் துணி கட்டிக்கொள்ளுங்கள், காளான் தூளும் வித்தியும் நெஞ்சுக்கு நல்லதல்ல.

பொடியாகவோ பச்சையாகவோ, ஒன்றே கால் லீற்றர் தண்ணீரில் போட்டு ஒரு கொதி வந்ததும் அடுப்பைக் குறைத்து, மூடி போட்டு, ஒன்றரை மணிநேரம் அப்படியே விடுங்கள். பிரஷர் குக்கரில் என்றால் அரை மணிநேரம் போதும். இவ்வளவு நேரம் அவித்தால் சத்துப் போய்விடாதா என்று அக்கா கேட்டார். விற்றமின்களில் சிலது போகும், உண்மை, ஆனால் பீற்றா குளுக்கன் சமையல் சூட்டுக்கு அசையாது, சூடும் நேரமும்தான் அதைச் சுவரிலிருந்து வெளியே இழுக்கின்றன. முடிவில் தண்ணீர் பாதியாக வற்றி மெல்லிய பொன் நிறத்தில், விரலால் தொட்டால் லேசாக வழுக்கும். அந்த வழுக்கல்தான் நாம் தேடிய சங்கிலி. பிறகு வழக்கமான ரசம்தான்: மிளகு, சீரகம், மல்லி, நாலு பல் உள்ளி தட்டிப் போட்டு, செத்தல் மிளகாயும் கறிவேப்பிலையும் தாளித்து, இறக்கியபின் தேசிக்காய் பிழியுங்கள். எங்கள் வீட்டில் இதைப் புட்டுக்கு விட்டுச் சாப்பிடுகிறோம். தேங்காய்ப்பால் விடுகிறவர்களும் உண்டு, எனக்கு அது பிடிக்காது, காளானின் மணத்தை அடித்துவிடுகிறது.

கொலஸ்ரரோலுக்காக இதைத் தேடுகிறீர்கள் என்றால் காளானைவிட ஓட்ஸ், பார்லிதான் உறுதியான வழி. அவற்றின் பீற்றா குளுக்கனில் முடிச்சு 1,3 உம் 1,4 உம் கலந்தது, கிளை இல்லை, தண்ணீரில் நன்றாகக் கரைந்து கூழாகும். ஒரு நாளைக்கு 3 கிராம் ஓட்ஸ் பீற்றா குளுக்கன் என்ற கணக்கை அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் 1997இல் ஏற்று, லேபிளில் போட அனுமதித்தது. சுமார் 75 கிராம் ஓட்ஸில் அது கிடைக்கும்.

சாற்றில் உண்மையிலேயே சங்கிலி இருக்கிறதா என்று கண்ணால் பார்க்க ஒரு வழி: உப்பும் மசாலாவும் போடுவதற்கு முன் கால் கோப்பை சாற்றை எடுத்து, நன்றாக வற்றவைத்து, ஆறவிட்டு, ஒரு கண்ணாடிக் கிளாசில் மூன்று பங்கு சேர்ஜிக்கல் ஸ்பிரிட்டுக்குள் ஒரு பங்கு சாற்றை மெல்ல ஊற்றுங்கள். அடுப்பு அணைந்திருக்க வேண்டும், ஸ்பிரிட் இலகுவில் தீப்பிடிக்கும். சாறு விழும் இடத்தில் முதலில் புகைபோல் கலங்கும், பிறகு வெள்ளையாக, பஞ்சை நனைத்ததுபோல் மெல்லிய இழைகள் சேர்ந்து மிதக்கும். நீளச் சங்கிலிகளுக்கு மதுசாரம் ஆகாது, கரைசலை விட்டு வெளியே வந்துவிடும். இழையில் கொஞ்சம் புரதமும் கலந்திருக்கும். பார்த்துவிட்டுக் கொட்டிவிடுங்கள், இது குடிக்கும் பொருள் அல்ல.

போத்தலில் இருப்பது காளானா, மாவா?

பெரியம்மாவின் போத்தலுக்கு வருவோம். காளான் பொடி என்று விற்பதில் ஒரு பகுதி உண்மையில் காளானே அல்ல. தானியத்தின் மேல் காளானின் பூசண வலையை வளர்த்து, தானியத்தோடு சேர்த்துக் காயவைத்து அரைத்தது. அதில் மாப்பொருள் நிறைய இருக்கும். லேபிளில் "பல்சக்கரைட்டு 30 சதவீதம்" என்று போட்டால் அது பொய்யும் ஆகாது, பல்சக்கரைட்டு என்பது எல்லாச் சீனிச் சங்கிலிக்கும் பொதுப்பெயர், மாப்பொருளும் பல்சக்கரைட்டுத்தானே! "பீற்றா குளுக்கன் இத்தனை சதவீதம்" என்று தனியாக எழுதியிருக்கிறதா என்றுதான் பார்க்கவேண்டும்.

மாப்பொருளைக் கண்டுபிடிக்க ஓ.எல். பிள்ளைகள் செய்யும் அதே அயடீன் சோதனை போதும். புண்ணுக்குப் போடும் பொவிடோன் அயடீன் மருந்துக்கடையில் வாங்கி, ஒரு தேக்கரண்டிக்குப் பத்துக் கரண்டி தண்ணீர் கலந்தால் வெளிர்ந்த தேத்தண்ணி நிறத்தில் வரும். மூன்று வெள்ளைக் கோப்பை எடுங்கள். ஒன்றில் ஒடியல் மா ஒரு சிட்டிகை கொதிநீரில் கரைத்தது, இன்னொன்றில் உங்கள் கையால் அரைத்த சிப்பிக் காளான் பொடியின் சாறு, மூன்றாவதில் போத்தலில் இருந்த குளிசையை உடைத்துக் கொதிநீரில் கலக்கியது. மூன்றும் முழுதாக ஆறவேண்டும், இதில் அவசரப்படாதீர்கள், சூட்டில் நீலம் மறைந்துவிடும், உள்ளதை இல்லை என்று நினைத்துவிடுவீர்கள். ஆறியபின் ஒவ்வொன்றிலும் ஐந்தாறு துளி விடுங்கள்.

ஒடியல் கோப்பை உடனே கருநீலமாகும். காளான் கோப்பை அயடீனின் நிறத்திலேயே நிற்கும், சிலவேளை கொஞ்சம் செம்மண்ணிறமாகும், பயப்பட வேண்டாம், அது கிளைக்கோஜன், காளானும் நம் ஈரலைப்போல் கிளைக்கோஜனைத்தான் சேமிக்கும். பெரியம்மாவின் குளிசை கருநீலமானது. ஒடியலுக்கும் அதற்கும் பக்கத்தில் வைத்தால் வித்தியாசம் தெரியவில்லை.

அவசரத்தில் தீர்ப்பு எழுதிவிடாமல் இரண்டு விஷயத்தை யோசிக்கவேண்டும். நீலம் வந்தால் மாப்பொருள் இருக்கிறது என்று மட்டும்தான் அர்த்தம், பீற்றா குளுக்கன் இல்லை என்று அல்ல, குளிசையை நிரப்பவும் மா சேர்ப்பார்கள். நீலம் வராவிட்டால் நல்லது என்றும் அல்ல, சங்கிலி கட்டையான மோல்ற்றோடெக்ஸ்ரின் கலந்திருந்தால் நீலம் வராமலே தப்பிவிடும். இன்னொன்று, துளி விட்டதும் அயடீனின் நிறமே மறைந்து தண்ணீர்போல் ஆகிவிட்டால் அதில் விற்றமின் சி கலந்திருக்கக்கூடும், அது அயடீனைத் தின்றுவிடும். அப்போது நிறம் நிற்கும்வரை அயடீனைக் கூடுதலாக விட்டுப் பாருங்கள்.

கரையில் பாசி பொறுக்குவது

நம் கரையில் ஒதுங்குவதையெல்லாம் பொதுவாகச் சாதாழை என்றே சொல்லிவிடுகிறோம், ஆனால் அதற்குள் மூன்று நான்கு வேறு வேறு உயிர்கள் இருக்கின்றன. பண்ணை, மண்டைதீவுப் பக்கம் களப்பில் நாடா நாடாகப் பச்சையாக ஒதுங்குவது கடற்புல், வேரும் பூவும் உள்ள உண்மையான தாவரம், அது நமக்கு உதவாது. ஆழங்குறைந்த கடலில் கயிறு கட்டி வளர்க்கும் கப்பாபைக்கஸ் சிவப்புப் பாசி இனம், அதில் வருவது கரஜீனன், அது வேறு சங்கிலி. கஞ்சி காய்ச்சும் பாசியும் சிவப்பு இனம்தான். நமக்கு வேண்டியது சர்காசம். பருத்தித்துறை, வல்வெட்டித்துறைப் பக்கம் சுண்ணக்கல் பாரில் ஒட்டி வளரும், கடல் கொந்தளித்து அடங்கிய அடுத்த நாள் கரையில் கிடக்கும். மண்ணிறம், இலைபோல் ஓரம் பல்லுப்பல்லாக இருக்கும், கடுகைவிடப் பெரிய காற்றுக் குமிழ்கள் குலைகுலையாகத் தொங்கும், நசுக்கினால் பட்டென்று வெடிக்கும். அந்தக் குமிழைக் கண்டால் சந்தேகமே வேண்டாம். இராமநாதபுரக் கரையில் இதைக் கட்டக்கோரை என்று சேர்த்து அல்ஜினேற்று ஆலைகளுக்கு விற்கிறார்கள்.

ஒதுங்கியதை மட்டும் பொறுக்குங்கள், பாரில் உயிரோடு நிற்பதை அறுக்காதீர்கள், மீன்குஞ்சுகள் அதற்குள்தான் ஒளிந்து வளர்கின்றன. அன்று காலை ஒதுங்கியதாக இருக்கட்டும். அழுகிய முட்டை மணம் வந்தால் அது வேண்டாம்.

ஏன் சாப்பிடக் கூடாது என்றேன்? சர்காசம் கடல்நீரிலிருந்து ஆர்செனிக் என்ற நச்சுப் பொருளைச் சேர்த்து வைக்கும் இனம். ஜப்பானியர் சாப்பிடும் ஹிஜிகியும் சர்காசத்தில் ஒரு வகைதான், அதில் அசேதன ஆர்செனிக் அதிகம் என்று பிரித்தானிய உணவுத் தர நிறுவனம் 2004இல் மக்களை அதைத் தவிர்க்கச் சொன்னது. மண்ணிறப் பாசிகளில் அயடீனும் மிக அதிகம். வளர்ந்த ஒருவருக்கு ஒரு நாளைக்கு 150 மைக்ரோகிராம் அயடீன் போதும், நாம் அயடீன் சேர்த்த உப்பையும் மீனையும் சாப்பிடுகிறவர்கள், அதற்கு மேல் பாசியையும் காய்ச்சிக் குடித்தால் தைரொயிட்டைக் குழப்பிவிடும். குசினியில் இதை வைத்துப் போத்தலில் வருவதுபோல் பியூகொயிடன் செய்யலாமோ என்று கேட்பவர்களுக்கு என் பதில்: வேண்டாம். நாம் எடுக்கப்போவது அல்ஜினேற்று, பார்க்க மட்டும்.

அல்ஜினேற்று எடுக்கும் முறை

இதற்கு மழைத்தண்ணீர் வேண்டும், இல்லாவிட்டால் போத்தல் தண்ணீர். கிணற்றுத் தண்ணீர் வேண்டாம் என்று நான் அழுத்திச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது, சொல்கிறேன்.

பாசியைக் கிணற்றடியில் மண்ணும் உப்பும் போக நாலைந்து முறை அலசி, கடைசி அலசலை மழைத்தண்ணீரில் செய்து, நிழலில் காயவைத்து, 50 கிராம் நிறுத்து, கத்தரிக்கோலால் துண்டு துண்டாக நறுக்குங்கள். வினாகிரி பாதி, மழைத்தண்ணீர் பாதி கலந்து அதில் ஒரு இரவு மூழ்கவிடுங்கள். பாசிக்குள் இந்தச் சங்கிலியைக் கல்சியம் இறுக்கிப் பிடித்து வைத்திருக்கும், அமிலம் அந்தக் கல்சியத்தைக் கழற்றும். காலையில் தண்ணீர் செம்மண்ணிறமாகியிருக்கும், லமினாரினிலும் பியூகொயிடனிலும் ஒரு பங்கு அதற்குள் போயிருக்கும். அதை ஊற்றிவிட்டு மழைத்தண்ணீரில் இரண்டு முறை கழுவுங்கள்.

அடுத்து சலவைச் சோடா. கடையில் சுத்தமானது கிடைக்காவிட்டால் அப்பச்சோடாவை மாற்றிக்கொள்ளலாம். 30 கிராம் அப்பச்சோடாவை இரும்புத் தாச்சியில் போட்டு வறுங்கள். தூள் கொஞ்ச நேரத்தில் தண்ணீர்போல் அலையடித்துக் குமிழி விடும், பார்க்க அழகாக இருக்கும், தூளுக்குள்ளிருந்து நீராவியும் காபனீரொட்சைட்டும் கிளம்புவதுதான் அது. அடிக்கடி கிளறி அரை மணிநேரத்துக்கு மேல் விட்டால் அலை அடங்கும், ஆறியபின் நிறுத்தால் 19 கிராம் அளவுக்குக் குறைந்திருக்கும். இப்போது அது சோடியம் காபனேற்று. தோலையும் கண்ணையும் எரிக்கும், கையுறை போடுங்கள், சின்னப் பிள்ளைகளைக் கிட்ட விடாதீர்கள். அலுமினியச் சட்டியைத் தொடவே வேண்டாம், சோடா அதை அரித்துவிடும், எவர்சில்வர் அல்லது மண்சட்டி நல்லது.

ஒரு லீற்றர் மழைத்தண்ணீரில் சோடாவைக் கரைத்துப் பாசியைப் போட்டு 60 பாகையில், அதாவது ஆவி மெல்ல எழும்பும் ஆனால் கொதிக்காத சூட்டில், இரண்டு மணிநேரம் வையுங்கள். கொதித்தால் சங்கிலிகள் முறிந்து சாறு தண்ணியாகிவிடும். மரக் கரண்டியால் இடைக்கிடை கிளறுங்கள். முதல் அரை மணிநேரம் ஒன்றும் நடக்காது. பிறகு இலைகளின் ஓரம் கரைந்து, குமிழ்கள் தனித்தனியாகக் கழன்று, கரண்டியைத் தூக்கினால் வெண்டைக்காய்போல் நூல் விழும். முடிவில் மண்ணிறக் கஞ்சி. ஒன்றரை லீற்றர் இளஞ்சூட்டு மழைத்தண்ணீர் விட்டு இளக்கி, ஒரு மணிநேரம் விட்டு, பழைய வேட்டித் துண்டில் வடியுங்கள். பிழிந்து தள்ளினால் சக்கை கலந்துவிடும், தானாக வடியட்டும், இரவு முழுக்க ஆனாலும் சரி.

வடித்ததில் ஒரு கோப்பை, 200 மில்லிலீற்றர், எடுத்து வினாகிரியைக் கரண்டி கரண்டியாக விடுங்கள். நுரைக்கும். இரண்டு மூன்று மேசைக்கரண்டியில் நுரை அடங்கும், அத்தோடு நிறுத்துங்கள். சோடாவை முறிக்காமல் அடுத்த படிக்குப் போனால் கல்சியம் சோடாவோடு சேர்ந்து சுண்ணமாகிப் பால்போல் கலங்கிவிடும்.

இந்த இடத்தில்தான் நான் முதல்முறை கெடுத்தேன். சாறு தடிப்பாக இருக்கிறதே என்று பைப்பைத் திறந்து கிணற்றுத் தண்ணீர் அரைக் கோப்பை விட்டுக் கலக்கினேன். விட்ட இடமெல்லாம் திரிதிரியாக, கட்டிகட்டியாகத் திரண்டுவிட்டது, வடிகட்டினால் துணியில் நிற்கிறது, கரைக்க முடியவில்லை. யோசித்துப் பார்த்தால் கேத்திலின் அடியில் வெள்ளையாகப் படிவது எதுவோ அதே கல்சியம்தான். நாம் குடியிருப்பதே சுண்ணக்கல்லின் மேல். மழை அதற்குள் இறங்கி, கல்லைக் கரைத்துக்கொண்டுதான் கிணற்றுக்கு வருகிறது. இரண்டு நாள் வேலை போனதில் மனம் கசந்தாலும், கல்சியம் இந்தச் சங்கிலிக்கு என்ன செய்யும் என்பதை அதைவிடத் தெளிவாக எந்தப் புத்தகமும் எனக்குக் காட்டியதில்லை.

இனி அதையே விரும்பிச் செய்வோம். மருந்துக்கடையில் கல்சியம் லக்ரேற்று 300 மில்லிகிராம் குளிசை வாங்குங்கள், கர்ப்பிணித் தாய்மாருக்குக் கிளினிக்கில் கொடுப்பது இதுதான், ஆனால் அவர்களுடையதை எடுக்காதீர்கள். பத்துக் குளிசையைத் தூளாக்கி 200 மில்லிலீற்றர் இளஞ்சூட்டுத் தண்ணீரில் கரைத்து, அடியில் தங்கும் நிரப்பியை வடித்துவிடுங்கள். ஊசி கழற்றிய சிரிஞ்சில் அல்ஜினேற்றுச் சாற்றை எடுத்து, ஒரு சாண் உயரத்திலிருந்து துளி துளியாக விடுங்கள்.

துளி விழும், ஒரு கணம் மேலே தட்டையாக நிற்கும், பிறகு உருண்டு அடிக்குப் போகும். அதற்குள் தோல் கட்டிவிடும். ஒரு நிமிடத்தில் ஒன்றை எடுத்து நசுக்கினால் உள்ளே இன்னும் சாறு, பீச்சியடிக்கும். அரை மணிநேரம் விட்டு எடுத்தால் உள்வரைக்கும் கட்டி, நுங்கின் விளிம்பைக் கடிப்பதுபோல் ஒரு மெத்தென்ற உறுதி. அல்ஜினேற்றுச் சங்கிலியில் குலுரோனிக் அமிலத் துண்டுகள் நெளிநெளியாக மடிந்திருக்கும், இரண்டு சங்கிலி எதிரெதிரே வந்தால் நடுவில் வரும் குழிகளில் கல்சியம் ஒவ்வொன்றாக உட்காரும், முட்டைத் தட்டில் முட்டை வைப்பதுபோல். 1973இல் இந்த விளக்கத்தைக் கொடுத்தவர்களும் முட்டைப்பெட்டி என்றே பெயர் வைத்தார்கள். பல் வைத்தியரிடம் பல்லுக் கட்டப் போனால் குளிர்ந்த பசை ஒன்றைத் தட்டில் போட்டு வாய்க்குள் அழுத்திப் பிடிப்பாரே, இரண்டு நிமிடத்தில் இறுகுமே, அதுவும் இதே முட்டைத் தட்டுத்தான். ஐஸ்கிறீம், புண்ணுக்கு ஒட்டும் பஞ்சு, துணியில் சாய அச்சு என்று இந்தச் சங்கிலி போகாத இடமில்லை. நுங்கும் வேறொரு சீனிச் சங்கிலிதான், கலக்ரோமன்னன், ஆனால் அதற்குக் கல்சியம் தேவையில்லை.

மணிகளை மூன்று கிளாசில் பிரித்துப் போட்டு அடுத்த நாள் காலையில் பாருங்கள். கிணற்றுத் தண்ணீரில் போட்டது அப்படியே இறுக்கமாக இருக்கும். நன்றாக உப்புக் கரைத்த மழைத்தண்ணீரில் போட்டது ஊதிப் பெருத்து மெதுவாகியிருக்கும், சோடியம் போய்க் கல்சியத்தின் இடத்தைப் பிடிக்கத் தொடங்கிவிட்டது. அப்பச்சோடாக் கரைசலில் போட்டது இன்னும் குழைந்து, அடியில் வெள்ளையாக மண்டி படிந்திருக்கும். பெரியம்மாவுக்கு இந்த மூன்று கிளாசையும் காட்டினேன், இரண்டாவதை விரலால் அமத்திப் பார்த்துவிட்டு, "அப்ப அந்தப் போத்தலை என்ன செய்யிறது?" என்று கேட்டார். மகளிடம் போனில் சொல்லி, அயடீன் விட்ட கோப்பைகளின் படத்தை அனுப்பியிருக்கிறோம்.

மிஞ்சும் பாசிச் சக்கையை இரண்டு மூன்று முறை நல்ல தண்ணீரில் அலசித் தென்னைக்கடியில் போடலாம். சோடாத் தண்ணீரைச் செடிக்கு ஊற்றாதீர்கள், நிறையத் தண்ணீர் விட்டு வெறும் முற்றத்து ஓரத்தில் ஊற்றுங்கள். பாவித்த சட்டி, கரண்டி, வேட்டித் துண்டு மூன்றையும் சமையலுக்குத் திரும்ப எடுக்காமல் தனியாக வைத்துக்கொள்ளுங்கள்.